ஐஸ் பெட்டியில் குரோசான்

என் மனைவி பூவிழிக்கு மூக்கு சின்னதுதான், ஆனால் கூர்மை. காட்டூரில் நெல் விளைகிற வீட்டில் பிறந்தவள். லைட்ஹவுஸ் குப்பத்து மீன்பிடிக்காரனான என்னைக் காதலித்துக் கட்டிக்கொண்டு வந்த முதல் வாரமே, வாசலில் ஒரு வாளி தண்ணீரும் எலுமிச்சை சோப்பும் வைத்துவிட்டாள். நான் கடலுக்குப் போய்த் திரும்பினால், "யோவ், அங்கியே நில்லு. குளிச்சிட்டு உள்ள வா" என்பாள். அதைப் பார்த்துக் குப்பமே சிரிக்கும். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். மீன் வாடை ஆகாதவள் மீன்காரனை எதற்குக் கட்டினாள் என்று கேட்டால், "ஆளைத்தான் கட்டினேன், வாடையை இல்ல" என்பாள்.

அந்த மூக்கை வைத்துத்தான் சென்னையில் பேர் வாங்கினாள். அனுப்பம்பட்டில் ரயிலேறிப் போய், ஜெனிஃபர் அக்காவின் பேக்கரியில் ஏழு வருஷம் வேலை பார்த்தாள். வெண்ணெய் லேசாகக் கெட்டிருந்தாலும் கதவருகே வரும்போதே சொல்லிவிடுவாளாம். குரோசான் அவள் கைவேலை. மாவுக்குள் வெண்ணெயை வைத்து மடிப்பது, தேய்ப்பது, குளிரவைப்பது, மறுபடி மடிப்பது. வெந்து வந்தால் நண்டுக்கொடுக்கு மாதிரி வளைந்திருக்கும், பிய்த்தால் ஏடு ஏடாகப் பிரியும். சனிக்கிழமை எனக்கென்று ஒன்று கொண்டுவருவாள். பாதியை அவளே தின்றுவிடுவாள்.

போன வருஷம் அவள் வயிறு கெட்டது. எது தின்றாலும் தங்கவில்லை, ஆள் கருவாடாய் வற்றிப்போனாள். பெரிய ஆஸ்பத்திரியில் பரிசோதித்து, கோதுமையில் இருக்கிற குளூட்டன் அவள் குடலுக்கு ஆகவே ஆகாது என்றார்கள். மைதா, ரவை, பரோட்டா, பிஸ்கட் எதுவும் ஆயுசுக்கும் கூடாது. மைதா பறக்கிற இடத்தில் வேலையும் வேண்டாம். பேக்கரி போச்சு. உடம்பு தேறியது, முகம் தேறவில்லை. சமையலறையில் நின்றுகொண்டு ஈரத் துண்டை மூன்றாக மடிப்பாள், பிரிப்பாள், மறுபடி மடிப்பாள். பார்க்கிற எனக்கு மனசு ஆறாது. வீட்டுக்குள் கோதுமையே நுழையக் கூடாது என்று நானும் பரோட்டாவை விட்டேன். சத்தியமாக விட்டேன், பழவேற்காடு பஜாரில் இரண்டு தடவை தவிர.

பொங்கல் முடிந்த கையோடு ஜெனிஃபர் அக்கா போன் செய்தார். கோதுமை ஆகாதவர்கள் கடைக்கு வந்து குரோசான் கேட்கிறார்களாம். அங்கே எங்கே கைவைத்தாலும் மைதா.

"கோதுமையே நுழையாத வீடு உன் வீடுதான் பூவிழி. செஞ்சு பாரு. மார்ச் மூணாவது ஞாயிறு நானே வந்து சாப்பிட்டுப் பாக்கறேன். நல்லா இருந்தா வாராவாரம் நாப்பது உன்கிட்டதான்."

பூவிழிக்கு உயிர் வந்தது. அரிசி மாவு, மரவள்ளி மாவு, பிசுபிசுப்புக்கு இசப்கோல். மருந்துக்கடையில் வாராவாரம் இசப்கோல் வாங்கியது நான். கடைக்காரர் என் வயிற்றை நினைத்து இரக்கப்பட்டார்.

அரிசி மாவுக்கு இழுவை கிடையாது. மடித்தால் வெடித்தது. வெடித்த வழியே வெண்ணெய் உருகி ஓடியது. ஃப்ரிட்ஜோ, கரண்ட் வந்து வந்து போகிற ஊரில் பேருக்கு நின்றது. பதினோரு தடவையும் தட்டையான அடைதான் வந்தது. பன்னிரண்டாம் தடவை மாவைப் போட்டது போட்டபடி தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"மைதா இல்லாம இது வராதுய்யா. நான் இனிமே அவ்ளோதான்."

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "இன்னா அவ்ளோதான்? குளிர்ச்சி பத்தல, அதான் விஷயம். ஐஸைப் பத்தி என்னை ஒரு வார்த்தை கேட்டியா நீ? உச்சி வெயில்ல நடுக்கடல்ல இறாலைக் கெடாம வெச்சிருக்கேன். உன் வெண்ணெய வெக்க மாட்டேனா?"

படகில் இருந்த என் ஐஸ் பெட்டியை இறக்கினேன். சோப்பு, புளி, எலுமிச்சை என்று மூன்று தடவை தேய்த்து, இரண்டு நாள் வெயிலில் காயப்போட்டேன். முகர்ந்து பார்த்தேன், ஒன்றும் இல்லை. ஆனால் என் மூக்கை யார் நம்புவது? அவளிடம் நீட்டினேன். நாலு மூலையையும் முகர்ந்தாள், மூடியையும் முகர்ந்தாள்.

"சுத்தமா இருக்குதுய்யா" என்றாள். அவள் சொன்னால் அதற்கு மேல் பேச்சில்லை.

உடைத்த ஐஸ் ஓர் அடுக்கு, அதன்மேல் தட்டு, தட்டில் துணி சுற்றிய மாவு, மேலே மறுபடி ஐஸ். மீன் அடுக்குகிற அதே வகைதான். எப்போது தண்ணீரை வடிப்பது, எப்போது மாவை வெளியே எடுப்பது என்று நான் சொன்னேன். அவள் தேய்த்தாள், மடித்தாள், கீறல் விட்ட இடத்தை ஈர விரலால் ஒட்டினாள். அந்தத் தடவை வெடிக்கவில்லை. ஓவனுக்குள் பொன்னிறமாக உப்பி வந்தது. பூவிழி ஒரு வருஷம் கழித்துக் குரோசானைக் கடித்தாள். மென்றுகொண்டே அழுதாள். நான் நாலு தின்றேன். பக்கத்து வீட்டு இருசம்மாள் அக்கா இரண்டு தின்றுவிட்டு, "ஜோரா கீதுடி" என்று மூன்றாவதற்குக் கை நீட்டியது.

சொன்ன ஞாயிறு ஜெனிஃபர் அக்கா வந்தார். பூவிழி புதுசாகச் சுட்டதைத் தட்டில் வைத்துக் கொடுத்தாள். கடித்ததும் மொறுமொறுவென்று சத்தம் கேட்டது. அவர் புருவம் உயர்ந்தது. அப்புறம் மெல்வது நின்றது.

"மடிப்பு பிரமாதம்டி. ஆனா..."

"இன்னாக்கா?"

"மீன் வாடை வருது."

எனக்குத் தலைக்கேறியது. பட்டணத்துக்காரர்கள் குப்பத்துக்கு வந்தால் குடிக்கிற தண்ணீரிலும் மீன் வாடை என்பார்கள். "அது வெளிய காயுற கருவாடுக்கா! இவ மூக்கைத் தாண்டி ஒண்ணும் உள்ள வராது. உங்களுக்கே தெரியுமே!" என்று கத்திவிட்டேன்.

அவர் நேரே மூலையில் இருந்த ஐஸ் பெட்டியிடம் போய் மூடியைத் திறந்தார். ஓரடி பின்னால் போனார். "இதுலயா வெச்சீங்க?"

பூவிழி ஒரு குரோசானைப் பிய்த்து மூக்கருகே வைத்தாள். பெட்டிக்குள் தலையை விட்டு முகர்ந்தாள். நிமிர்ந்தபோது முகம் வெளுத்திருந்தது. "நெசமாவே வருதாக்கா? எனக்கு ஒண்ணுமே வரலையே."

யோசனை என்னுடையது, பெட்டியும் என்னுடையது. எட்டு வாரமாக அவள் பட்ட பாட்டை நானே மீன் பெட்டியில் வைத்து மூடியிருக்கிறேன்.

"தப்பு என்னுதுக்கா. அவளை ஒண்ணும் சொல்லாதீங்க" என்றேன்.

ஜெனிஃபர் அக்கா குரோசானைப் பிரித்து, உள்ளே இருந்த ஏடுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். "வெண்ணெய் பக்கத்துல இருக்கற வாடையெல்லாம் இழுத்துக்கும்னு எனக்கே சொல்லிக் குடுத்தவ நீ. வேலையில ஒரு குறையும் இல்ல. புதுப் பெட்டி வாங்குங்க, அடுத்த ஞாயிறு திரும்ப வரேன். ஆனா வாடை பாக்க வேற ஆளை வெச்சுக்கோ பூவிழி. உங்க ரெண்டு பேர் மூக்கையும் நம்பறதுக்கில்ல."

பூவிழியின் தங்கை கோமளாவைக் காட்டூரிலிருந்து வரவழைத்தோம். பஸ்ஸை விட்டு இறங்கும்போதே துப்பட்டாவால் மூக்கைப் பொத்துகிறவள். புதுப் பெட்டி, துணி, வெண்ணெய் எல்லாவற்றையும் முகர்ந்து பாஸ் போட்டாள். என்னை முகராமலே ஃபெயிலாக்கினாள். அடுத்த ஞாயிறு ஜெனிஃபர் அக்கா ஒன்றல்ல, இரண்டு தின்றார். கையைத் துடைத்துக்கொண்டு, "சனிக்கிழமைக்கு நாப்பது" என்றார்.

வெள்ளிக்கிழமை காலை கடலிலிருந்து வந்தேன். வாசலில் ஒரு வாளி தண்ணீர். பக்கத்தில் எலுமிச்சை சோப்பு.

"யோவ், அங்கியே நில்லு! வெண்ணெய் வெளிய இருக்குது. குளிச்சிட்டு உள்ள வா!"

கோபம் வரவில்லை. வாளியையே பார்த்துக்கொண்டு நின்றேன். இது கடைசியாக எப்போது இங்கே இருந்தது? இத்தனை வருஷமாக மீன் செதில் ஒட்டிய சட்டையோடு நேரே உள்ளே போய்த் தட்டின் முன் உட்கார்ந்துகொண்டிருக்கிறேன். எவ்வளவு யோசித்தும் நினைவு வரவில்லை.

"பூவு, இந்த பக்கெட்டை எப்ப உள்ள எடுத்து வெச்ச?"

மாவுக் கையோடு வாசலுக்கு வந்தாள். "உன் மேல வாடை நின்னு போனப்ப."

"எப்ப நின்னுச்சு?"

தலையைச் சாய்த்துக் கொஞ்சம் யோசித்தாள். அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

"நிக்கவே இல்லய்யா. ஜெனிஃபர் அக்கா சொல்லித்தான் எனக்கே தெரியும்."