ஜெனரல் பிரம்பு

கிறிஸ்டோ சித்தப்பா பிரம்பைச் சவப்பெட்டியின் மேல் வைத்ததுதான் தாமதம், பிரீத்தா அதை எடுத்து அவர் கையிலேயே திருப்பிக் கொடுத்தாள். காலையில் சர்ச்சிலும் இதே கூத்துதான். அங்கே கூட்டத்துக்குப் பயந்து அவர் பேசாமல் இருந்துவிட்டார். இங்கே, அமெரிக்காவின் கேட்டி ஊருக்கு வெளியே இருந்த கல்லறைத் தோட்டத்தில், குழிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு விட்டுக்கொடுக்கிற எண்ணம் அவருக்கு இல்லை.

"என்னம்மா இது? ஆறு தலைமுறையா நம்ம குடும்பத்துல மூத்தவங்க பெட்டி மேல இது இருந்திருக்கு. உங்க தாத்தா ஃப்யூனரல்ல உங்கப்பாவே தன் கையால வெச்சாரு."

"அப்பா வேண்டாம்னு சொல்லிட்டாங்க, சித்தப்பா."

"மார்ஃபின் குடுத்திருந்தாங்க. அந்த நேரத்துல என்னென்னமோ பேசுவாங்க. அதையெல்லாம் சீரியஸா எடுத்துப்பாங்களா?"

அப்பா ரூஃபஸ் அதைச் சொன்னபோது அறையில் பிரீத்தா மட்டும்தான் இருந்தாள். சாட்சிக்கு யாரும் இல்லை. ஆனால் அப்பாவின் பேச்சில் அன்று எந்தக் குழப்பமும் இல்லை என்பது அவளுக்குத் தெரியும். "பெட்டி மேல அது வேண்டாம்மா. நீயும் வாங்காத," என்றார். பிறகு தண்ணீர் கேட்டார்.

கறுத்த பிரம்பு, வெள்ளிக் குமிழ். மூத்தவர் இறந்தால் பெட்டியின் மேல் வைப்பார்கள். பெட்டியைக் குழியில் இறக்குமுன் எடுத்து அடுத்த வாரிசின் கையில் கொடுப்பார்கள். யாரும் அதை ஊன்றி நடக்கக் கூடாது, அதன் நுனி தரையில் படக் கூடாது. மூதாதை சுபேதார் கந்தசாமி ஒரு போரில் ஜெனரல் பிராட்விக்கின் உயிரைக் காப்பாற்றியதற்குக் கிடைத்த பரிசு என்று பாளையங்கோட்டையில் பெருமை அடித்துக்கொள்ளாத சொந்தக்காரர் கிடையாது.

ஆயில் கம்பெனியிலிருந்து ஓய்வுபெற்றதும் ரூஃபஸுக்கு அந்த ஜெனரல்மேல் பைத்தியம் பிடித்தது. நண்பர்கள் கோல்ஃப் ஆடப் போக, அவர் பழைய ராணுவ ஆவணங்களை லேப்டாப்பில் படித்துக்கொண்டிருந்தார். முதலில் உற்சாகமாக மகளைக் கூப்பிட்டுக் கூப்பிட்டுக் காட்டுவார். மீசை முளைக்காத வயதில் மதராஸில் வந்து இறங்கிய லெஃப்டினன்ட், ஒரு கோட்டையைப் பிடித்துக் கேப்டன் ஆனது வரை கதை நன்றாகத்தான் போனது. அப்புறம் காட்டுவது குறைந்தது. ஒரு நாள் சாப்பாட்டு மேசையில் தட்டைத் தள்ளி வைத்துவிட்டுச் சொன்னார்.

"மலைக்கிராமம் ரெண்டை எரிச்சதுக்கு அவன் கர்னல் ஆயிருக்கான்மா. பஞ்சத்துல வரி குடுக்காதவங்களைச் சுட்டதுக்கு ஜெனரல். கடைசில இங்கிலாந்துல பென்ஷன் வாங்கிக்கிட்டு சொகமா செத்தான். நம்ம சுபேதார் அவன் உயிரைக் காப்பாத்துனதா எங்கயும் இல்ல. பிடிச்சுட்டு வந்தவங்களை வரிசையா நிக்க வெச்சு அடிச்சிருக்காரு. இதாலதான்."

சுவரில் தொங்கிய பிரம்பை அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை. அம்மா அமலி அப்போது பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். கேட்டாளா இல்லையா என்றே தெரியவில்லை.

பாஸ்டர் தொண்டையைக் கனைத்தார். சித்தப்பா குரலைத் தணித்துக்கொண்டார். "போன்ல ஊர்ல எல்லாரும் பாத்துட்டிருக்காங்க. பொண்ணு கையில குடுக்கக் கூடாதுன்னு ஒத்தக் கால்ல நின்னவங்கதான். நான் ஃபைட் பண்ணி ஒத்துக்க வெச்சிருக்கேன். இந்தக் குடும்பத்துலயே இதை வாங்கற முதல் பொண்ணு நீதான். தெரியுதா?"

பிரீத்தாவுக்கு அது சுருக்கென்றது. சின்ன வயதில் இதைத் தொட்டுப் பார்க்கக் கேட்டு, "ஆம்பளைப் பிள்ளைங்க சாமான்" என்று அதட்டு வாங்கியவள். கேட்டபோது கிடைக்காதது இப்போது வலிய வந்து நிற்கிறது. ஆசை ஒரு கணம் எட்டிப் பார்க்கத்தான் செய்தது. அப்பாவின்மேல் கோபம்கூட வந்தது.

பெட்டியின் மூடிமேல் இரண்டு கைகளையும் அகல விரித்து வைத்துக்கொண்டாள். இரவு தொடங்கி விட்டுவிட்டுப் பெய்த மழையின் ஈரம் உள்ளங்கையில் ஒட்டியது.

"இறக்கற வரைக்கும் கையை எடுக்க மாட்டேன், சித்தப்பா. எனக்கு வேண்டாம். அப்பாவுக்கும் வேண்டாம்."

"உங்கப்பாவுக்கு அசிங்கம்மா இது!"

"இருக்கட்டும்."

அவர் கூடாரத்தின் பக்கம் திரும்பினார். அங்கே மடக்கு நாற்காலியில் அமலி உட்கார்ந்திருந்தாள். "மைனி, நீங்களாவது சொல்லுங்க."

அமலி கையை நீட்டினாள். சித்தப்பாவின் முகம் தெளிந்தது. பிரம்பை இரண்டு கையாலும் ஏந்திப் போய்க் கொடுத்தார். வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கு அந்த வெள்ளிக் குமிழைப் பற்பசை போட்டுத் துலக்குகிறவள் அம்மாதான். நேற்றும் துலக்கியிருந்தாள். அம்மா வந்து கையை எடு என்றால் என்ன செய்வது? எடுக்க மாட்டேன் என்று பிரீத்தா பல்லைக் கடித்துக்கொண்டாள்.

அமலி எழுந்தாள். அவளுக்கு முட்டி தேய்ந்து வருஷமாகிறது. கைத்தடி வைத்துக்கொள்ளச் சொன்ன டாக்டரிடம், கிழவியாக்கப் பார்க்கிறீர்களா என்று சண்டை போட்டவள். குழியைச் சுற்றி விரித்திருந்த பச்சைப் பாயைத் தாண்டினால் வெறும் களிமண். பிரம்பின் குமிழை உள்ளங்கைக்குள் பொத்தி, நுனியைச் சேற்றில் ஊன்றினாள். அது விரற்கடை அளவு உள்ளே இறங்கியது.

"மைனி! தரையில ஊணக் கூடாது!"

"முட்டி வலிக்குது, கிறிஸ்டோ."

போனைப் பிடித்திருந்த சித்தி அதைத் தாழ்த்திக்கொண்டாள். அமலி ஊன்றி ஊன்றி வந்து, மகளின் கைக்குப் பக்கத்தில் தன் இடது கையைப் பெட்டிமேல் வைத்தாள். பிரீத்தா அம்மாவின் முகத்தைப் பார்த்தாள். அம்மா பெட்டியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஜெபம் பண்ணுங்க, பாஸ்டர்."

எல்லாம் முடிந்து கார் நிற்கிற இடத்துக்கு நடந்தார்கள். அமலி முன்னால், பிரீத்தா அவள் தோளை ஒட்டி. ஈரப் புல்லில் பிரம்பு பதிந்த இடமெல்லாம் சின்னச் சின்ன வட்டக் குழிகள், ஒவ்வொன்றிலும் தண்ணீர் ஊறத் தொடங்கியிருந்தது. பின்னால் வந்த கிறிஸ்டோ சித்தப்பா அவற்றை மிதிக்காமல் சற்று விலகி நடந்து வந்தார்.