நாய் மருந்தில் நூற்றில் ஒரு பங்கு

1.

இந்தக் கதை என் சொந்தச் சரக்கு அல்ல. பிராணிகள் மருந்துக்கடை வரிசையில் எனக்கு முன்னால் நின்றவர், "நாப்பது கிலோ நாய்க்குப் போடுற தெள்ளுப்பூச்சிச் சொட்டு மருந்தைக் குடுங்க, பூனைக்குட்டிக்குப் பிரிச்சுப் போட்டுக்கறேன்" என்றார். அந்தப் பேச்சை அங்கேயே தூக்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

முதல் தொடக்கம்: 'பனித்துளி போன்ற மூன்று குட்டிகள், விடியலின் மடியில்...'

(போதும். பூனைக்குட்டியைக் கண்டதும் வரும் கவிதை, அதன் மேல் தெள்ளுப்பூச்சியைக் கண்டதும் ஓடிவிடுகிறது.)

2.

அவரைப் பொத்தான் மொத்த வியாபாரி ஆக்கினேன். கிடங்கில், காலி அட்டைப்பெட்டிக்குள், ஐந்து வாரக் குட்டிகள் மூன்று. (தாய்ப்பூனையைக் கதை வசதிக்காகக் காணாமல் போக்கியது நான்தான்.) மூன்றின் மேலும் தெள்ளுப்பூச்சி.

அவருக்குத் தெரிந்த ஒரே வித்தை, பெரிதாக வாங்கிச் சிறிதாகப் பிரிப்பது. பொத்தான் நிறுக்கும் தராசில் குட்டியை வைத்தார். நானூறு கிராம். நாய்க்கு உள்ளதில் நூற்றில் ஒரு பங்கு. கணக்கில் பிசகே இல்லை. முட்டாள்தனம் கணக்குப் படித்துவிட்டால் அதனோடு பேசி மாளாது.

"ஏங்க, அட்டையில பூனைப் படத்து மேல குறுக்குக் கோடு போட்டிருக்கே" என்றாள் மனைவி.

"பூனை மருந்தைத் தனியா விக்கணும்ல, அதான் கோடு. இந்த வியாபாரம் நமக்குத் தெரியாதாக்கும்."

அவள் பேச்சை வளர்க்காமல் கால்நடை மருத்துவரை அழைத்து, விஷயத்தைச் சொல்லி, போனை ஸ்பீக்கரில் போட்டுக் கணவரிடம் நீட்டினாள்.

"சொட்டு விட்டுட்டீங்களா?" என்றார் மருத்துவர்.

"இல்லம்மா. அளந்து விட ஊசி தேடிட்டிருக்கேன்."

"தேடாதீங்க. அது பூனைக்கு விஷம். கொஞ்சமா விட்டாலும் வலிப்பு வரும்."

"அப்ப பூனைக்குள்ளதையே பெரிய டப்பாவா..."

"இந்த வயசுக்கு என்னைக் கேக்காம அதுவும் கூடாது. வாசனை எண்ணெய், பவுடர், எதுவுமே வேணாம். ஈறு என்ன நிறம்னு பாருங்க."

மனைவி ஒவ்வொன்றின் உதட்டையும் தூக்கினாள். இரண்டுக்கு இளஞ்சிவப்பு. 'துண்டு' என்று அவள் கூப்பிடும் பொடிசுக்கு வெள்ளைக் காகித நிறம் என்று போனில் சொன்னாள்.

"பூச்சி ரத்தத்தைக் குடிச்சிருச்சு. அதைச் சூடாப் பொத்தி உடனே கொண்டாங்க. மத்ததுக்கு நெருக்கமான பல்லு சீப்பு. வர்ற பூச்சியைச் சோப்புத் தண்ணியில முக்குங்க. படுக்கையைச் சுடுதண்ணியில துவைங்க."

3.

மனைவி துண்டைத் துவாலையில் சுற்றிக்கொண்டு போய்விட்டாள். அவர் உட்கார்ந்து சீவினார். ஒரு பூச்சி. முக்கினார். இன்னொரு பூச்சி. மொத்தமாகத் தள்ளிவிட வழியில்லை. வாழ்நாளில் முதல் சில்லறை வியாபாரம்.

"ஊசி மட்டும் கையில சிக்கியிருந்தா," என்றார் குட்டியிடம். பிறகு அவர்

(இந்த வாக்கியத்தை நான்கு முறை எழுதினேன். நான்கிலும் அழுதார். விட்டுவிட்டேன்.)

4.

முடிவு ஒன்று: துண்டு சாகிறது, வியாபாரி திருந்துகிறார். விமர்சகர்கள் தலையாட்டுவார்கள். ஒரு குட்டியைக் கொடுத்து ஓர் ஆளைத் திருத்துவது, எங்கள் தெருவில் யாருக்கும் படியாத பேரம்.

முடிவு இரண்டு: துண்டு பிழைத்து அவர் மடியில் தூங்குகிறது. நாள்காட்டிக்குப் படம் ஆகும்.

இரண்டையும் கிழித்துப் போட்டேன். இப்போது கிடங்கில் போன் அடிக்கிறது. மருத்துவரிடம் போன மனைவிதான். அவர் அதைப் பார்க்கிறார், சீவுகிறார், பார்க்கிறார். கையெல்லாம் சோப்பு என்கிறார். எனக்கும் கையில் மை.

உங்கள் கை காய்ந்துதானே இருக்கிறது? எடுத்துப் பேசுங்கள்.