சமாதானக் கையெழுத்து

பா என்ற தீவு ஊருக்கு வெளியே கரும்பு வெட்டும் கும்பலுக்கு அப்துல் ரஷீத்தான் சர்தார், அதாவது தலைவர். யாருடைய கரும்பை எப்போது வெட்டுவது என்று அவர் வைத்ததே சட்டம். 1986 அறுவடையில் பக்கத்து நிலத்துக்காரர் கோவிந்தசாமியின் முறையைக் கடைசிக்குத் தள்ளினார். கோவிந்தசாமி கெட்ட வார்த்தை சொன்னார். ரஷீத் கையிலிருந்த டீ பிளாஸ்கால் அவர் மண்டையில் ஒரு போடு போட்டார். மூன்று தையல். போலீஸ் வழக்குப் பதிந்தது.

வழக்கு விசாரணைக்கு வருவதற்குள், மறு வருடம் மே மாதம், ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. வாய்தா. செப்டம்பரில் இன்னொரு முறை பிடித்தது. மறுபடி வாய்தா. ஒவ்வொரு வாய்தாவுக்கும் இருவரும் ஒரே பஸ்ஸில்தான் போக வேண்டும். முதலில் ஆளுக்கு ஒரு கோடியில் உட்கார்ந்தார்கள். நான்காவது வாய்தாவில் கூட்டமாக இருந்ததால் பக்கத்தில் உட்கார நேர்ந்தது. பிறகு பஸ் காலியாக இருந்தாலும் அப்படியே உட்கார்ந்தார்கள். கோர்ட்டில் பெயரைக் கூப்பிடும்வரை ஒரே பொட்டலத்தில் கடலை தின்றார்கள்.

அந்த வருடம் ராணுவ ஆட்சிக்குப் பயந்து ஊரே நாட்டை விட்டுக் கிளம்பிக்கொண்டிருந்தது. டெய்லர் தர்மேந்திரா சிட்னிக்குப் போனார், வாத்தியார் ஆக்லாந்துக்குப் போனார். ரஷீதின் மகன் அஜாஸும் கனடாவிலிருந்து காகிதங்கள் அனுப்பினான். எல்லாம் சரியாக இருந்தது. வழக்கு நிலுவையில் இருந்ததால் போலீஸ் சான்றிதழ் மட்டும் கிடைக்கவில்லை. அடிபட்டவர் சமாதானமாகப் போனால் வழக்கை முடித்துவிடலாம் என்றார் வக்கீல். கோவிந்தசாமி ஒரேயடியாக மறுத்துவிட்டார்.

ரஷீதின் மனைவி ஸைரா நேரே அவர் வீட்டுக்கு வந்தாள்.

"அண்ணே, அடிச்சது தப்புதான். ஒரு சைன் வச்சுக் குடுங்க."

"இன்னும் வலிக்குதும்மா."

"ஒண்ணரை வருசமாவா?"

கோவிந்தசாமி தலையைத் தடவிக்கொண்டார். "சைன் வச்சா அவன் போயிருவான்ல?"

ஸைராவுக்கு அப்போதுதான் விஷயம் புரிந்தது. "அங்க ரெண்டு பேரப்புள்ளைங்க இருக்கு அண்ணே. போட்டோவுலதான் பாத்திருக்கேன்."

மறுநாள் அவர் போய்க் கையெழுத்துப் போட்டார்.

ஏன் இந்தச் சமாதானம் என்று மாஜிஸ்திரேட் கேட்டார். வக்கீல் சொல்லிக்கொடுத்ததைக் கோவிந்தசாமி ஒப்பித்தார். "பக்கத்து நிலத்துக்காரரு. இனிமே ஒத்துமையா இருக்கப் போறோம்."

மாஜிஸ்திரேட் நெகிழ்ந்துபோனார். நாடு இருக்கும் நிலையில் இப்படிப்பட்ட அண்டைவீட்டார்தான் வேண்டும், கடைசிவரை இப்படியே சேர்ந்து வாழுங்கள் என்று வாழ்த்தி வழக்கை முடித்துவைத்தார். விமானத்துக்குத் தேதி பார்த்தாகிவிட்டது என்று அவரிடம் யாரும் சொல்லவில்லை.

வெளியே வந்ததும் ரஷீத் சீறினார். "உன்னை யாரு சைன் வைக்கச் சொன்னது?"

"உன் பொஞ்சாதிதான்."

"நீ வைக்க மாட்டேன்னு நம்பித்தானேயா அஜாஸ் அனுப்பின எல்லா ஃபாரத்துலயும் நான் வச்சேன்!"

"முன்னாடியே சொல்றதுக்கென்ன?" என்றார் கோவிந்தசாமி.

"அடிச்சவனே வந்து கேஸை விட்றாதேன்னு சொல்ல முடியுமா?"

கோவிந்தசாமி சுற்றுமுற்றும் பார்த்தார். "மண்டையில இன்னொண்ணு போடு. ஸ்டேஷன் பக்கத்துலதான் இருக்கு."

ரஷீத் கையை ஓங்கியே விட்டார். பிறகு இறக்கிக்கொண்டார். "ஸைரா என்னைக் கொன்னுருவா."

மூன்று வாரம் கழித்து ரஷீதையும் ஸைராவையும் நாந்தி விமான நிலையத்துக்குத் தன் வண்டியில் கூட்டிப்போனவர் கோவிந்தசாமிதான். பெட்டி தொலைந்தால் தகவல் சொல்ல உள்ளூரில் ஒருவர் பெயர் வேண்டும் என்றாள் கவுண்டரில் இருந்த பெண். ரஷீத் கோவிந்தசாமியின் பெயரைக் கொடுத்தார்.

"பெட்டி கெடச்சா கனடாவுக்கு அனுப்பிடறேன்" என்றார் கோவிந்தசாமி.

"அனுப்பாதே" என்றார் ரஷீத். "நானே வந்து எடுத்துக்கிறேன்."