முப்பத்தொன்றாம் காரப்பொடி

லேயாவின் கணினியைச் சுற்றி ஆய்வகமே கூடி நின்றபோது, சிவசங்கரி தொட்டியடியில் மீன் தட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். மூன்று முறை சோப்புப் போட்டும் கவிச்சி போகவில்லை. மூன்று மாதமாக விடியற்காலையில் முத்தியால்பேட்டையிலிருந்து ஸ்கூட்டியில் வீராம்பட்டினம் போய், படகு வந்ததும் மீன்காரி சின்னப்பொண்ணிடம் கெஞ்சிக் கூத்தாடிக் காரப்பொடி மீன் வாங்கி, ஒவ்வொன்றின் துடுப்பையும் நறுக்கிக் குப்பியில் போட்டு எண் எழுதியவள் அவள். "கொழம்பு வைக்காம, இத்தினியூண்டு மீன வெட்டி வெட்டி என்னாம்மா பண்ற நீ?" என்று சின்னப்பொண்ணு தினமும் கேட்பாள். அந்தக் குப்பிகளை வாங்கி, ஏசி அறையில் நோகாமல் உட்கார்ந்து மரம் வரைந்தவள் லேயா. இப்போது பாராட்டு யாருக்கு?

மரம் என்றால் நிஜ மரமில்லை. மீன்களின் மரபணு எழுத்துகளை அடுக்கி ஒப்பிட்டு, யார் யாருக்குப் பங்காளி, யார் எப்போது பிரிந்து தனிக்குடித்தனம் போனார் என்று கோடு போட்டுக் காட்டும் படம். நாற்பது காரப்பொடிகளில் முப்பத்தொன்பது கொத்துக் கொத்தாகக் கூடி நின்றன. முப்பத்தொன்றாம் எண் மட்டும் ஒரு நீளக் கோட்டின் நுனியில் தன்னந்தனியாக நின்றது. கோடு எவ்வளவு நீளமோ, மீன் அவ்வளவு மாறிப்போயிருக்கிறது என்று அர்த்தம். "புது இனமாவே இருக்கலாம்" என்றார் பேராசிரியர் ராஜாங்கம். வெள்ளிக்கிழமை பிரான்சிலிருந்து வரும் நிபுணர் அம்மையார் முன்னால் லேயாவே பேசட்டும் என்றும் சொல்லிவிட்டார். அந்த அம்மையாருக்குப் பிடித்துவிட்டால் அங்கே மோன்பெலியே நகரில் ஆறு மாத ஆராய்ச்சி. இருப்பது ஒரே ஓர் இடம்.

சிவசங்கரிக்கு வயிறு எரிந்தது. லேயாவுக்கு எதற்கு அந்த இடம்? தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த குடும்பம், பிறக்கும்போதே கையில் பிரெஞ்சு பாஸ்போர்ட், பாரிசில் அத்தை வீடு. நினைத்தால் நாளைக்கே விமானம் ஏறுவாள். சிவசங்கரி இதுவரை கடலைக் கரையில் நின்று பார்த்ததோடு சரி.

சாயங்காலம் லேயாவே அவளிடம் வந்தாள். "சங்கரி, நீ ஒரு தடவ பாத்துடேன்டி. உன் கண்ணுல பட்டாதான் எனக்குத் தைரியம்."

பார்த்தாள். ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிட்டது. எழுத்துகளைப் படிக்கும் இயந்திரம் கடைசிக்கு வரும்போது களைத்துப்போய் உளறும். அந்த உளறல் வாலை நறுக்கிவிட்டுத்தான் மரம் வரைய வேண்டும். முப்பத்தொன்பது மீனுக்கு நறுக்கியிருந்த லேயா, முப்பத்தொன்றாம் எண்ணுக்கு மட்டும் மறந்துவிட்டாள். கோட்டின் நீளமெல்லாம் அந்த உளறல்தான். நறுக்கினால் இந்த மீனும் சமர்த்தாகப் போய்க் கொத்தில் ஒட்டிக்கொள்ளும். இரண்டு நிமிட வேலை.

"நல்லாத்தான் இருக்குது" என்றாள் சிவசங்கரி.

"மெர்சிடி!" என்று பிரெஞ்சில் நன்றி சொல்லி லேயா கட்டிப்பிடித்துக்கொண்டாள். வரட்டும் அந்த அம்மையார், எல்லார் முன்னாலும் மூக்கு உடைபடட்டும் என்று அந்தப் பிடிக்குள் இருந்தபடியே சிவசங்கரி நினைத்தாள். வெட்கமாகக்கூட இல்லை. வீட்டுக்குப் போகும் வழியில் பஜ்ஜி வாங்கித் தின்றாள்.

வெள்ளிக்கிழமை அரங்கம் நிறைந்திருந்தது. லேயா பிரெஞ்சில் கொஞ்சம், ஆங்கிலத்தில் கொஞ்சம் என்று அருவியாகக் கொட்டினாள். சிவசங்கரி முன்வரிசையில் கைகட்டி உட்கார்ந்து, அம்மையாரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். மரம் திரையில் வந்தது. அந்த நீளக் கோட்டின் நுனியில் முப்பத்தொன்று என்ற எண் இல்லை. அங்கே சிவசங்கரி என்று இருந்தது.

"மூணு மாசம் விடியக்காலைல போயி கரையில நின்னவ அவதான்" என்றாள் லேயா, அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் தமிழில். "புது மீனுக்கு அவ பேரத்தான் வைக்கணும்னு கேக்கறேன்."

சிவசங்கரிக்கு முதலில் வந்தது நன்றி அல்ல, ஆத்திரம். பாஸ்போர்ட், பிரெஞ்சு, அந்த ஒரே இடம், எல்லாம் போதாதென்று இந்த நல்ல மனசையும் இவளே வைத்துக்கொள்ள வேண்டுமா? தனக்கென்று ஒன்றையும் மிச்சம் வைக்க மாட்டாளா?

"எழுந்து நில்லும்மா, எல்லாரும் பாக்கட்டும்" என்றார் ராஜாங்கம். எழுந்தாள். கைதட்டினார்கள். தட்டி முடிக்கும் முன்பே அம்மையார் கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரையருகே போய், அந்தக் கோட்டைப் பேனாவால் அடி முதல் நுனி வரை அளந்தார். இந்த மீனின் எழுத்துகளைக் காட்ட முடியுமா என்று கேட்டார்.

"தாராளமாக" என்று ஆங்கிலத்தில் சொன்ன லேயா, கணினியில் கோப்பைத் திறந்தபடியே சிரித்தாள். "சங்கரியும் ஒரு முறை பார்த்துவிட்டாள்."

கைதட்டல் ஓய்ந்துவிட்டது. உட்காரலாம் என்று ராஜாங்கம் கை காட்டினார். சிவசங்கரி நின்றுகொண்டே இருந்தாள். திரையில் அவள் பெயருக்குக் கீழே எழுத்துகள் வரிசை வரிசையாக மேலே ஏறிக்கொண்டிருந்தன, நறுக்காத வாலை நோக்கி.