வெட்டியதும் மிச்சமும்

திரையில் படம் ஓடத் தொடங்கியதுமே எடிட்டருக்குப் புரிந்துவிட்டது. அவசரத்தில் பென்டிரைவை மாற்றிக் கொடுத்துவிட்டார்.

தணிக்கைக்காரர்கள் நீக்கச் சொன்ன காட்சிகளை ஒன்றாக ஒட்டி, தனி டிரைவில் அவர்களிடமே ஒப்படைக்க வேண்டும் என்பது விதி. போகிற வழியில் கொடுத்துவிடலாம் என்று கொண்டுவந்த அந்த ஒட்டுதான் இப்போது ஓடிக்கொண்டிருந்தது. முழுப்படம் அவர் சட்டைப்பையில் தூங்கியது.

முன்வரிசையில் பண்பாட்டுக் காவல் பேரவைத் தலைவர், சால்வை நழுவாமல் அமர்ந்திருந்தார். ஒரு காட்சிகூடப் பார்க்காமலே படத்தை எதிர்த்து டிவிக்கு டிவி முழங்கியவர்; அவருக்குப் போட்டுக் காட்டத்தான் இந்தத் தனிக்காட்சி. அவர் தலையாட்டினால்தான் நாளைக்குத் தியேட்டர்காரர்கள் கதவைத் திறப்பார்கள். வாசலில் அவருடைய ஆட்கள் தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தார்கள். இயக்குநர், எடிட்டரின் தங்கை புருஷன். இந்தப் படம் முடங்கினால் இனி எவனும் அவரை நம்பி கேமராவைத் தரமாட்டான்.

திரையில் ஒரு முதுகு. ஒரு வசவு. அமைச்சர் கன்னத்தில் ஓர் அறை. மறுபடி அதே முதுகு. இயக்குநர் திரும்பிப் பார்த்த பார்வையில் உறவே அறுந்துவிடும் போலிருந்தது.

விளக்கு எரிந்தது.

"இதான் படமா?" என்றார் தலைவர்.

எடிட்டர் எழுந்து நின்றார். "இதெல்லாம் படத்துல இல்லாததுங்க. வெட்டிட்டோம்."

தலைவரின் முகம் மலர்ந்தது. தாம் போட்ட போட்டில்தான் கத்தரி நகர்ந்தது என்று அவரே முடிவுகட்டிக்கொண்டார். சரியாக வெட்டியிருக்கிறார்களா என்று உறுதி செய்ய இன்னொரு தடவை போடச் சொன்னார். பிறகு இன்னொரு தடவை. முதுகு வரும்போதெல்லாம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார்.

"முழுப்படமும் இருக்குங்க. போடட்டுமா?" என்று எடிட்டர் சட்டைப்பையைத் தொட்டார்.

"அது எதுக்கு? அதுலதான் ஒண்ணும் இல்லையே."

வெளியே தலைவர் வேன்மேல் ஏறி, ஆபாசத்தைப் பேரவை வேரோடு பிடுங்கிவிட்டது, நாளை குடும்பத்தோடு போய்ப் பார்க்கலாம் என்று அறிவித்தார். கைதட்டலுக்குக் காத்திருந்தார்.

முன்னால் நின்றவன் கையிலிருந்த கண்டன அட்டையை இறக்கினான். "அப்ப ஒண்ணுமே இல்லையா தலைவரே? நான் டிக்கெட்டெல்லாம் எடுத்து வெச்சிட்டேனே."

பின்னாலிருந்து ஒரு குரல், தானும் எடுத்துவிட்டதாக முனகியது.

இயக்குநர் எடிட்டரின் முழங்கையைப் பிடித்தார். "மச்சான், படம் ரிலீஸ் ஆயிடும்ல?"

"ஆயிடும் மாப்ளே."

"யாரு பாக்கறது?"

எடிட்டர் கூட்டத்தைப் பார்த்தார். எல்லோரும் செல்போனை எடுத்து, டிக்கெட்டை ரத்து செய்வது எப்படி என்று ஒருவரையொருவர் விசாரித்துக்கொண்டிருந்தார்கள்.