பதினான்காம் வார்டில் எல்லோரும் தூங்கினார்கள்

1

இந்தக் கதை என் தப்பில் பிறந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பாதியில் நீங்களாகக் கண்டுபிடித்து என்னை முறைக்க வேண்டாம்.

மாவட்ட நல அலுவலகத்தின் படிவத்தை எங்கள் ஷோனா மொழியில் எழுதியவள் நான். எங்கள் வீட்டில் பட்டம் வாங்கிய முதல் ஆள், அதுவும் அந்த மாவட்டத்திலேயே பிறந்தவள் என்று என்னைக் கூப்பிட்டார்கள். வீட்டோடு படுத்துக் கிடக்கும் நோயாளிகளில் யாருக்குச் செவிலி போகவேண்டும் என்று கண்டுபிடிக்கும் படிவம் அது. அதில் நான்காம் கேள்வி: இரவு தூங்கினீர்களா? வலி இருந்தால் தூக்கம் வராது. தூக்கம் வராதவருக்கு மருந்து போகவேண்டும். நல்ல கேள்விதான். 'மராரா ஹெரே' என்று பிழையில்லாமல் எழுதிக் கொடுத்தேன்.

மராரா ஹெரே என்பது எங்கள் ஊரில் காலை வணக்கம்.

(இந்த வரியை எழுதும்போது கை பரபரக்கிறது. ஒரு மாவட்டத்தின் திட்டமே ஒரு வணக்கத்தில் தடுக்கி விழுந்திருக்கிறது. நான் எப்படி நிதானமாக எழுதுவது?)

2

தொடக்கம், முதல் முயற்சி: மக்காச்சோளக் கொல்லைகளின்மேல் கதிரவன் மெல்லத் தன்...

வேண்டாம். நெட்சாயிக்குக் கதிரவனைப் பார்க்க நேரமில்லை.

இரண்டாம் முயற்சி: ஏழ்மையும் நோயும் பின்னிப் பிணைந்த இம்மண்ணில்...

சீ. இது நிதி கேட்கும் விண்ணப்பம்.

மூன்றாவது இது: காலை ஏழு மணிக்கு நெட்சாயி ஒரு வாசலில் நின்று, வணக்கம் சொல்லும் எங்கள் முறைப்படி கைகளைக் குவித்துத் தட்டினாள். பதினான்காம் வார்டு என்கிற கிராமப் பகுதியின் சுகாதாரத் தொண்டர் அவள். வயது நாற்பத்தொன்று, கக்கத்தில் குடை, தோள்பையில் படிவக் கட்டு. உள்ளே கரிகாயின் அம்மா படுத்திருந்தார். மார்பில் வந்த புற்று எலும்புவரை போய்விட்டது. வாரம் ஒருமுறை செவிலி மோட்டார் சைக்கிளில் வந்து வலிக்கு மருந்து கொடுப்பாள். அது ஐந்து இரவுகளுக்கு வரும். மீதி இரண்டு இரவுகளைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

"ராத்திரி தூங்கினீங்களா, கரிகாயம்மா?"

"நீ தூங்கியிருந்தா நானும் தூங்கினேன், மகளே."

நெட்சாயி நன்றாகத் தூங்கியிருந்தாள். 'ஆம்' கட்டத்தில் குறி போட்டாள்.

வேறு பதில் கிடையாது*. நாற்பத்துமூன்று நோயாளிகள், நாற்பத்துமூன்று 'ஆம்'.

* வந்தவள் உட்காருமுன்பே 'இல்லை, தூங்கவில்லை' என்று சொல்வது, நம் சுமையைத் தூக்கி அவள் தலையில் வைப்பது. அப்படிச் சொல்கிற மனிதரை நான் ஊரில் பார்த்ததில்லை.

3

ஒன்பதாம் வார்டின் தொண்டர் மதியத்துக்குமேல்தான் வீடுகளுக்குப் போகிறவர். மதியத்தில் வணக்கம் வேறு. ஆகவே அங்கே நான்காம் கேள்வி வெறும் கேள்வியாகவே விழுந்தது. ஜனங்கள் உண்மையைச் சொன்னார்கள். அலுவலகம் இரண்டு தாள்களையும் ஒப்பிட்டது. திங்கள் முதல் செவிலியும் வண்டியும் ஒன்பதாம் வார்டுக்கு என்று எழுதியது.

வெள்ளிக்கிழமை காலை நெட்சாயி அலுவலகத்துக்கு வந்தாள். நானும் இருந்தேன்.

அதிகாரி முசோனாவை இந்தக் கதையில் கொடியவனாக வைக்க ஆசைப்பட்டேன். 'மேசையை ஓங்கிக் குத்தினார்' என்றுகூட எழுதிப் பார்த்தேன். அவர் குத்தவில்லை. பல்வலியில் ஒரு கன்னம் வீங்கி, அதைக் கையால் தாங்கிக்கொண்டிருந்தார்.

"உங்க வார்டே தூங்குது, தாயி. எனக்கே பொறாமையா இருக்கு. ஒன்பதுல பாதிப் பேரு முழிச்சுக் கிடக்காங்க."

"தூங்குதா? யாரு சொன்னது?"

"நீங்கதான். குறி போட்டது உங்க கைதானே."

நெட்சாயி படிவத்தை வாங்கி நான்காம் கேள்வியை வாய்விட்டுப் படித்தாள். படித்ததும் அவள் கைகள் தாமாகக் குவிந்து தட்டின. தன் கைகளையே பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

இந்த இடத்தில் அவள் கர்ஜிக்கவேண்டும் என்று நினைத்தேன். 'குரலற்றவர்களின் குரலாக' என்று தொடங்கி... அடித்துவிட்டேன். அவள் செய்தது இதைவிட மேல். இன்னொரு முறை கைதட்டி, பணிவாகக் கேட்டாள்.

"ராத்திரி தூங்கினீங்களா, ஐயா?"

"நீங்க தூங்கியிருந்தா நானும் தூங்கினேம்மா."

"பல்லு எப்பிடி இருக்கு?"

"அதையேன் கேக்குறீங்க. விடியவிடிய உயிரை எடுத்திருச்சு. கண்ணே மூட..."

அவள் கையிலிருந்த படிவத்தைப் பார்த்தார்.

"அப்ப ஐயாவுக்கும் 'ஆம்'லயே குறி போட்டுரவா?" என்று நெட்சாயி பேனாவைத் திறந்தாள்.

தட்டச்சுக்காரர் சிரித்துத் தேநீரைச் சிந்தினார். நான் மேசைக்கடியில் காலை உதைத்துக்கொண்டேன். முசோனா வலியோடு சிரித்தார். "நாளைக்குள்ள வேற கேள்வியோட வாங்க," என்றார்.

4

வேறு கேள்வி எது? வலியை ஒன்றிலிருந்து பத்துவரை எண்ணால் சொல்லச் சொல்லலாம் என்றேன். புத்தகத்தில் படித்தது.

"ஏன்டி பட்டம் வாங்குனவளே, பத்தையும் நானே எடுத்துக்கிட்டா அடுத்த வீட்டுக்காரிக்கு என்ன மிச்சம்னு யோசிப்பாங்கடி," என்றாள் நெட்சாயி. கொஞ்ச தூரம் நடந்தபின் நின்றாள். "ராத்திரி என்னென்ன சத்தம் கேட்டுச்சுன்னு கேப்போம்."

நான் நடுச்சாலையில் அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

"சத்தமா? ஒண்ணுமில்லையே," என்றார் கரிகாயின் அம்மா. "பத்து மணிக்கு நாயி. அப்புறம் பருத்தி லாரி. ஒரு மணிக்கு எதிர்வீட்டுக்காரன் வந்தான். அவன் திறந்தது அவன் வீட்டுக் கதவு இல்ல, அதை நான் எதுக்குச் சொல்லணும். மூணு மணிக்குச் சேவல். அது கிறுக்குச் சேவல், மணி தெரியாது. அதுக்கப்புறம் நல்ல சேவல்."

நெட்சாயி ஒவ்வொன்றாக எழுதினாள். அதற்குக் கட்டம் போதவில்லை. தாளின் ஓரமெல்லாம் எழுதினாள். அந்த மாலைக்குள் நாங்கள் இருவரும் ஓடி முடித்தோம். நாற்பத்துமூன்றில் இருபத்தாறு பேர் கிறுக்குச் சேவலைக் கேட்டிருந்தார்கள்.

5

சனிக்கிழமை. முசோனா எல்லாவற்றையும் படித்தார். எதிர்வீட்டுக்காரன் வந்த இடத்தில் சிரித்தார். பிறகு தாள்களை அடுக்கி வைத்தார்.

"நம்புறேன் தாயி. ஆனா இருக்கறது ஒரே நர்ஸு, ஒரே வண்டி. ஒன்பதாம் வார்டுல வருவாங்கன்னு சொல்லியாச்சு. அங்கயும் வலிதான். எந்த வார்டுன்னு நீங்களே குறி போடுங்க." இரண்டு கட்டங்கள் உள்ள தாளை அவள் பக்கம் தள்ளினார்.

முடிவு, ஒன்று: நெட்சாயி பதினான்கில் குறி போடுகிறாள். கரிகாயின் அம்மாவுக்கு ஐந்து இரவுகள் நிலைக்கின்றன.

முடிவு, இரண்டு: ஒன்பதில் போடுகிறாள். நீங்கள் அவளுடைய தியாகத்தைப் புகழ்வீர்கள். நான் விடமாட்டேன். வலி அவளுடையது அல்ல, தானம் செய்ய.

முடிவு, மூன்று: இரண்டாவது செவிலி வருகிறாள். இதை மூன்று முறை எழுதினேன். எழுதினால் வந்துவிடுவாளா?

நெட்சாயி குறி போடவில்லை. "இதுல ரெண்டு கட்டம் போட்டு, ஒண்ணுலதான் குறி போடணும்னு சொன்னது யாரு, ஐயா?"

"மேலருந்து வந்தது."

"மேலன்னா யாரு? அவங்க பேரு?"

முசோனாவுக்குத் தெரியவில்லை. உண்மையாகவே கோப்பைப் புரட்டித் தேடினார். இப்போதும் தேடிக்கொண்டிருக்கிறார். பேனா மேசைமேல் கிடக்கிறது. திங்களுக்கு இன்னும் ஒன்றரை நாள்.

இதை நான் முடிக்கப்போவதில்லை. நீங்கள் முடிக்கலாம், பதினான்கில் குறி போட உங்கள் கை துறுதுறுக்கிறது, தெரியும். கரிகாயின் அம்மாவை உங்களுக்குப் பிடித்துப்போகும்படி நான்தான் எழுதினேன். ஒன்பதாம் வார்டில் இதே நேரம் பல்லைக் கடித்துக்கொண்டு கிடப்பவருக்கு நான் ஒரு பெயர்கூட வைக்கவில்லை.

முதலில் அவருக்கு ஒரு பெயர் வையுங்கள். அப்புறம் பேனாவை எடுங்கள்.