பந்தைப் பார்க்காதவன்

வெண்டல் டப்ஸ் வர்ணனை அறைக்குள் வந்ததும் செய்த முதல் காரியம் நாற்காலியை உடைத்ததுதான். வேண்டுமென்று இல்லை, பாவம். முந்நூறு பவுண்டு ஆளுக்கு ரேடியோ நிலையத்தார் போட்டுவைத்திருந்தது மடக்கு நாற்காலி. தரையிலிருந்து எழுந்து, ஒடிந்த காலைக் கையில் வைத்துக்கொண்டு, "மிஸ் லொரேன், இதுக்கு யாருகிட்டங்க மன்னிப்புக் கேக்கணும்?" என்று என்னிடம் கேட்டான். மிசிசிப்பியில் வளர்ந்தவன். அந்தப் பக்கத்துப் பிள்ளைகள் தன்னைவிட மூத்த பெண்ணைப் பேர் மட்டும் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். "நாற்காலிகிட்ட கேளு" என்றேன். அவன் சிரித்தான். மைக்கில் ஒழுங்காகப் பேசினால்தான் வேலை. இல்லாவிட்டால் இல்லை.

எங்கள் கிளீவ்லேண்ட் அமெரிக்க ஃபுட்பால் அணிக்குப் பதினோரு வருஷம் சென்டராக ஆடியவன் அவன். சென்டருடைய பிழைப்பு விசித்திரமானது. களத்தின் நடுவில் குனிந்து, தரையில் வைத்த பந்தைத் தன் கால் இடுக்கு வழியாகப் பின்னால் நிற்பவன் கையில் கொடுக்க வேண்டும். கொடுத்த கணத்திலேயே எதிரே பாய்ந்து வருகிறவனோடு முட்டி மோதி, பந்தை எறிகிறவனைக் காப்பாற்ற வேண்டும். அந்தப் பந்து பிறகு யார் கைக்குப் போனது, ஊர் ஏன் கூச்சலிடுகிறது என்பதெல்லாம் அவனுக்குத் தெரியாது. முகத்துக்கு நேரே ஒருவன் மூச்சு விட்டுக்கொண்டிருப்பான், அவ்வளவுதான். முழங்கால் இரண்டும் கழன்று போய் அந்த வசந்தத்தில் ஓய்வு பெற்றான். ரேடியோவில் ஆட்டத்தை வர்ணிக்கிற எங்கள் ஸ்டான் ஹவ்லிக்கின் பக்கத்தில் உட்கார்ந்து விளக்கம் சொல்கிற இடம் காலியானதும் விண்ணப்பித்தான். அதே இடத்துக்கு இன்னொருவரும் போட்டி. பழைய குவார்ட்டர்பேக், பந்தை எறிகிற நாயகன், வரிசையான பல்லும் தேன் குரலும். சீசனுக்கு முந்தைய பயிற்சி ஆட்டங்களில் ஆளுக்கு இரண்டு கொடுத்துப் பார்ப்பதாக நிலைய மேலாளர் மிஸ் ஹெல்ட் சொல்லிவிட்டாள். தொண்ணூற்று நாலு ஆகஸ்ட் அது.

வெண்டலின் முதல் ஆட்டம் கேட்கச் சகிக்கவில்லை. ஹவ்லிக் என்ன கேட்டாலும் "ஆமாங்க", "நல்லா இருந்துச்சுங்க". காரணம் எனக்குப் பிறகுதான் தெரிந்தது. வெண்டலைப் போல முன்வரிசையில் முட்டி மோதுகிற தடியர்களுக்குள் ஒரு சட்டம் உண்டாம், பத்திரிகைக்காரனிடம் வாய் திறக்கக் கூடாது என்று. எவன் பேர் செய்தித்தாளில் வருகிறதோ அவன் திங்கட்கிழமை காலை மற்ற எல்லோருக்கும் பலகாரம் வாங்கித் தர வேண்டும். எட்டுப் பேர் சேர்ந்தால் ஒரு கடையே காலியாகிவிடும். பதினோரு வருஷத்தில் வெண்டல் ஒரே ஒரு தடவை மாட்டினான், அதுவும் அவன் கல்யாணச் செய்தி பேப்பரில் வந்ததற்காக. இப்படி வளர்த்த வாயைப் பிடித்து மைக்குக்கு முன்னால் உட்காரவைத்தால் என்ன பேசும்?

அந்த வாரம் என் வீட்டுக்கு வந்து, நான் செய்த பியரோகிக் கொழுக்கட்டை இருபத்தாறு சாப்பிட்டான். மைத்துனனின் கார்ப்பெட் கடையில் மூன்று மாதம் நின்று பார்த்தானாம். "விக்கறது கஷ்டமில்லீங்க மிஸ் லொரேன். ஆனா ஞாயித்துக்கெழம மதியம் ஒரு மணி, ஆட்டம் தொடங்குற நேரமாச்சுன்னா என் கை தானா தரையத் தேடுது" என்றான். நான் சட்டியைக் கழுவுகிற சாக்கில் திரும்பி நின்றுகொண்டேன். எனக்கு அவனைப் பிடித்துவிட்டது. இந்த வேலை இவனுக்குத்தான் கிடைக்க வேண்டும் என்று அப்போதே முடிவு கட்டிவிட்டேன், என்னவோ நான்தான் சம்பளம் கொடுக்கிறவள் மாதிரி.

என் வேலை என்னவென்றும் சொல்லிவிடுகிறேன். வாரநாளில் பள்ளிப் பேருந்துகளை அனுப்புகிறேன். ஆட்டநாளில் ஹவ்லிக்குக்கும் விளக்கக்காரருக்கும் நடுவே, ஆட்டக்காரர்களின் எண்ணும் பேரும் எழுதிய அட்டையோடு உட்காருகிறேன். யார் பிடித்தான், யார் வீழ்த்தினான் என்று பைனாகுலரில் பார்த்து, அட்டையில் அந்தப் பேர்மேல் விரல் வைப்பேன். ஹவ்லிக் தானே கண்டுபிடித்தவர்போல் முழங்குவார். இருபத்திரண்டு வருஷமாக என் விரல்தான் ஊருக்குப் பேசுகிறது. என் குரலை யாரும் கேட்டதில்லை, என் பேரும் யாருக்கும் தெரியாது.

இரண்டாம் ஆட்டம் சுமாராகப் போயிற்று. வெண்டல் நாலு வார்த்தை கூடுதலாகப் பேசினான். பின்சுவரோரம் மிஸ் ஹெல்ட் கையைக் கட்டிக்கொண்டு, முகத்தில் ஒன்றும் காட்டாமல் நின்றாள். ஆட்டத்தின் மூன்றாம் கால் பகுதியில் எங்கள் பையன் எறிந்த பந்து அரைக் களத்தைத் தாண்டிப் பறந்தது. எண்பத்து மூன்றாம் எண்காரன் பாய்ந்து ஒற்றைக் கையால் பிடித்து, எல்லைக்கோட்டுக்குள் விழுந்தான். அரங்கமே எழுந்து குதித்தது. ஹவ்லிக் தொண்டை கிழியக் கத்திவிட்டு, மூச்சு வாங்க, "வெண்டல், சொல்லுப்பா, இப்படி ஒரு பிடியப் பாத்திருக்கியா?" என்றார்.

வெண்டல் விழித்தான். எனக்குப் புரிந்துபோயிற்று. இத்தனை பேர் வலதுபக்கம் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தபோது, இந்த மடையன் பழைய பழக்கத்தில் இடதுபக்கம் முன்வரிசையைப் பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறான். ரேடியோவில் மூன்று விநாடி மௌனம் மூன்று வருஷம். நான் எண்பத்து மூன்றின் பேர்மேல் விரலை வைத்து டொக் டொக்கென்று தட்டினேன். அதைப் பார்த்து "அருமையான பிடி" என்று ஒரு பொய் சொன்னால் போதும், தப்பித்துவிடலாம். அவன் என் விரலைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். பிறகு மைக்கில் சொன்னான்: "மிஸ் லொரேன் எனக்காக வெரல வச்சுக் காட்டிட்டு இருக்காங்க. நல்ல மனசு. ஆனா உண்மையச் சொல்லணும் மிஸ்டர் ஹவ்லிக், நான் பாக்கலீங்க."

"பாக்கலையா?"

"பதினோரு வருஷமா பந்து எங்க போச்சுன்னே நான் பாத்ததில்லீங்க."

என் காது சூடாகிவிட்டது. போச்சு, என் பேரும் போச்சு, இவன் வேலையும் போச்சு என்று நினைத்தேன். பின்னால் திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

"நான் பாத்தது அறுபத்து நாலாம் நம்பருங்க" என்று அவன் தொடர்ந்தான். குரல் மாறியிருந்தது. என் சமையலறையில் கேட்ட குரல். "புதுப் பையன், பிட்மன்னு பேரு. அடுத்த வாரம் அணியில பாதிப் பேர வீட்டுக்கு அனுப்பிடுவாங்க, அதுல இவனும் இருப்பான்னு பேச்சு. இப்போ இவன் கால் வழுக்கி விழுந்துட்டான். ரெண்டு பேரு இவனத் தாண்டிப் பாயறானுங்க. இவன் எந்திரிக்கல. ஒரு முட்டிய ஊனிக்கிட்டே ஒருத்தன் இடுப்பத் தோளால தள்ளி, அவன இன்னொருத்தன் மேலேயே சாச்சுட்டான். ரெண்டு பேருக்கும் ஒரே தள்ளு. அந்த ரெண்டு விநாடி இல்லேன்னா பந்த எறிஞ்சவன் புல்லத் தின்னுட்டு இருப்பான்."

ஹவ்லிக் நாற்காலியை இழுத்துக்கொண்டு கண்ணாடிப் பக்கம் நகர்ந்தார். "முட்டில நின்னுக்கிட்டு எப்படிப்பா தள்ள முடியும்?" என்று கேட்டார். நிகழ்ச்சிக்காகக் கேட்ட கேள்வி இல்லை அது. நிஜமாகவே தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது அவருக்கு.

வெண்டல் சொன்னான். கணுக்கால், இடுப்பு, கையை எங்கே வைப்பது, எதிராளியின் மூச்சை வைத்தே அவன் எந்தப் பக்கம் வருவான் என்று எப்படிக் கண்டுபிடிப்பது, எல்லாம். மடை திறந்துவிட்டது. என்ன சந்தோஷம் அந்தக் குரலில். கேட்கக் கேட்க எனக்கும் சிரிப்பு வந்தது, காரணமில்லாமல் அட்டையைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன். எங்களுக்குக் கீழே இருந்த வரிசைகளில், எங்கள் வர்ணனையைக் கேட்க டிரான்சிஸ்டர் வயரைக் காதில் செருகியிருந்தவர்கள் ஒருவர் இருவராகத் திரும்பி எங்கள் கண்ணாடியை அண்ணாந்து பார்த்தார்கள்.

பந்து மறுபடி எங்கள் அணியின் கைக்கு வந்தபோது, "ஒரே ஒரு தடவ பந்தப் பாக்கறத விட்டுடுங்க" என்றான் வெண்டல் மைக்கில். "அறுபத்து நால மட்டும் பாருங்க."

பந்து எழும்பி வலதுகோடியை நோக்கிப் போனது. முப்பதாயிரம் தலை வலதுபக்கம் திரும்பியது. நான் பைனாகுலரைத் திருப்ப வேண்டும், அதுதான் என் வேலை. திருப்பவில்லை. கீழே, காதில் வயர் தொங்கியவர்களின் தலையும் திரும்பவில்லை. பிட்மன் தன் எதிராளியின் நெஞ்சில் இரண்டு கையையும் கொடுத்துத் தள்ளி, மல்லாக்கப் போட்டான். அங்கே பந்து யார் கைக்கும் சிக்காமல் தரையில் விழ, அரங்கம் முழுக்க 'ச்சே' என்றது. அதற்கு நடுவில் ஒரு நாற்பது ஐம்பது பேர் மட்டும் எழுந்து நின்று, பாதி தின்ற சாசேஜ் ரொட்டியின் கடுகுச் சாந்து வழிகிற கையோடு, கட்டிடம் அதிர ஆர்ப்பரித்தார்கள். பக்கத்துச் சீட்டுக்காரர்கள் அவர்களை ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள். என் தோளுக்கு மேல் யாரோ குனிவது தெரிந்தது. மிஸ் ஹெல்ட். என் கையிலிருந்த பைனாகுலரைக் கேட்காமலே வாங்கிக்கொண்டாள்.

களத்தில் பிட்மன் மெதுவாக எழுந்தான். கைதட்டல் வந்த திசையை நிமிர்ந்து பார்த்தான். பிறகு, யாருக்காகத் தட்டுகிறார்கள் என்று தெரிந்துகொள்ள, தனக்குப் பின்னால் திரும்பிப் பார்த்தான்.